செத்ததும் ஒரு சிரிப்பு

ஜன்னலோரம் நீங்களே உக்காருங்க சார், எனக்கு வேணாம். வெயில் பட்டா மொகம் கறுத்துடும். நம்ம தொழில் அப்படி. என்ன தொழில்னு கேக்க மாட்டீங்களா? கேக்க வேணாம், மொகத்தப் பாத்தே சொல்லிடுவீங்க. நல்லாப் பாருங்க. எங்கியோ பாத்த மாதிரி இல்ல? இல்லியா? சரி இருங்க. கண்ண மூடிக்கிறேன். தாடைய லேசாத் தூக்கிக்கிறேன். மூக்குல பஞ்சு வெச்சிருக்கறதா நெனச்சுக்குங்க. இப்ப தெரியுதா?

ஓ, டிவி பாக்கற பழக்கமே இல்லியா உங்களுக்கு. அதான பாத்தேன். வீட்டுக்குப் போனதும் லேடீஸக் கேட்டுப் பாருங்க. "தில்லைநாயகம் பக்கத்துல உக்காந்து விழுப்புரம் வரைக்கும் வந்தேன்"னு சொல்லுங்க. பேரு சொன்னா தெரியாது, டைட்டில்ல என் பேரு ரொம்ப வேகமா ஓடிடும். "செத்துப்போற அப்பா"ன்னு சொல்லுங்க. உடனே தெரியும்.

ஆமா சார். என் தொழிலே சாவறதுதான். ஹீரோவோட அப்பன வில்லன் வெட்டுவான் பாருங்க, டைட்டில் போடறதுக்கு முன்னாடி, அது நான். நெஞ்சப் புடிச்சுக்கிட்டு மாடிப்படியில உருண்டா அது நான். சினிமால பாதி பேரு கையில ஒருநாள் இல்ல ஒருநாள் செத்திருக்கேன். ஒரு பெரிய ஹீரோ, பேரு வேணாம், என் நெஞ்சு மேல தலைய வெச்சு அப்படி அழுதாரு. சட்டை பூரா கிளிசரின். "நல்லா செத்தீங்க பெரியவரே"ன்னு சொல்லிட்டுப் போனாரு. அவரு அப்படி யாருகிட்டயும் சொல்ல மாட்டாராம்.

சீரியல்ல இன்னும் வசதி. செத்தப்புறமும் வேலை ஓடும். போட்டோவா சுவத்துல மாட்டிடுவாங்க. மாலை, ஊதுபத்தி, சின்னதா ஒரு செவப்பு பல்பு. மருமக தெனமும் வந்து என் முன்னாடி நின்னுதான் அழுவா. நான் நடிக்கவே நடிக்காத சீரியல்லகூட என் போட்டோ தொங்குது சார். ஆர்ட் டிபார்ட்மெண்ட்ல ஒரு பிரிண்ட் வெச்சிருக்கானுங்க, எங்க அப்பா இல்லையோ அங்க என்னை மாட்டிடறது. ஒருதடவ சான்ஸ் கேட்டு ஒரு செட்டுக்குப் போனேன். மேனேஜர் என்னைப் பாத்தாரு, சுவத்தப் பாத்தாரு. "அண்ணே, நீங்க ஏற்கெனவே செத்துட்டீங்களே, உங்கள எப்படிச் சேக்கறது?"ன்னுட்டாரு. நான் ஒண்ணும் வருத்தப்படல. எந்த நடிகன் சார் வேலைக்குப் போகாமலே ஒரு கதையில இடம் புடிக்கிறான்?

வீட்லதான் கொஞ்சம் கஷ்டம். என் பொண்ணு வெண்ணிலா. ஒரே பொண்ணு. சின்னப் புள்ளையா இருக்கறப்ப டிவில என்னை மாலை போட்டுப் படுக்க வெச்சிருக்கறதப் பாத்துட்டு வீறிட்டு அழுதுடுச்சு. நான் பக்கத்துலதான் உக்காந்திருக்கேன், தோசை தின்னுக்கிட்டு. திரும்பி என்னைப் பாத்துச்சு. ஓடி வந்து மூக்குல வெரல விட்டுப் பாத்துச்சு, பஞ்சு இருக்கான்னு. அதுலேருந்து அதுவே பழக்கமாப் போச்சு. நான் ஷூட்டிங் முடிஞ்சு வந்தா கதவத் தொறந்து மொதல்ல மூக்கத் தொட்டுப் பாக்கும். வளந்து வேலைக்குப் போயும் விடல.

அந்தப் பொண்ணுக்குத்தான் விழுப்புரத்துல ஒரு இடம் வந்துச்சு. பையன் பேரு எழிலரசன், பேங்க்ல இருக்காரு, தங்கமான புள்ள. ஜாதகம் பொருந்திடுச்சு, ரெண்டு பேரும் போன்ல பேச ஆரம்பிச்சுட்டாங்க. எங்க வீட்டு பால்கனியில நின்னு அது பேசும், சிரிக்கும். அப்படி ஒரு சிரிப்ப நான் அதுவரைக்கும் கேட்டதில்ல சார். எனக்கு வேற ஒண்ணும் வேணாம், அந்தச் சிரிப்பு நிக்காம இருந்தா போதும்னு ஆயிடுச்சு.

பொண்ணு பாக்க வந்தாங்க. பையனோட அம்மா ரங்கநாயகி அம்மா. அப்பா இல்ல, அந்தம்மாதான் அந்த வீட்ல எல்லாம். அந்தம்மா சொன்னா சொன்னதுதான், பையன் மறுபேச்சு பேச மாட்டாரு. அவங்க சோபாவுல உக்காந்திருக்காங்க. நான் உள்ளேருந்து ஸ்வீட் தட்டோட சிரிச்சுக்கிட்டே வர்றேன். அந்தம்மா என்னைப் பாத்துச்சு பாருங்க, "ஐயய்யோ"ன்னு ஒரே கத்து. கையில இருந்த காபி பொடவையில கொட்டிப்போச்சு. "இவரு... இவருக்குப் போன மாசந்தானே பால் ஊத்துனாங்க?"ன்னு பையன் தோளப் புடிச்சுக்கிச்சு.

எவ்ளோ பெரிய ரசிகை பாருங்க! எனக்கு உடம்பெல்லாம் புல்லரிச்சுப்போச்சு. "நாந்தாம்மா, அது நடிப்பு"ன்னேன். அந்தம்மா சிரிக்கல. என்னை மேலேருந்து கீழ வரைக்கும் பாத்துட்டு சொல்லிச்சு: "அண்ணே, பொண்ணப் புடிச்சிருக்கு. ஆனா ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதீங்க. தெனமும் மாலையோட பாத்த மொகத்த எதிர்ல உக்கார வெச்சு நான் எப்படித் தட்டு மாத்தறது? செத்தது செத்தாச்சு. இனிமே இந்தக் கல்யாணம் முடியற வரைக்கும் நீங்க எதுலயும் சாவக் கூடாது. அப்படி ஏதாவது ஆச்சுன்னா இந்தப் பேச்ச இதோட விட்டுடலாம்."

சாவ மாட்டேம்மான்னு சத்தியம் பண்ணிக் குடுத்துட்டேன். பின்னால திரும்பினா பொண்டாட்டி என்னை மொறைக்கிறா. ஏன்னா அவளுக்குத் தெரியும், "தோரணம் கட்டிய வீடு"ன்னு ஒரு சீரியல்ல நான் அப்ப உயிரோட இருந்தேன். அதுல ராஜலிங்கம்னு பெரிய குடும்பத்துத் தலைவர் வேஷம். நெறைய நாள் உயிரோட இருந்த வேஷம் சார் அது, என் கேரியர்லயே. அந்த வாரம்தான் எனக்குச் சாவு.

டைரக்டர் பிரான்சிஸ்கிட்ட போய் நின்னேன். நல்ல மனுஷன், கோவம் மட்டும் வரும். "தம்பி, இந்த மாசம் என்னைச் சாவடிக்காதீங்க. கோமால போடுங்க. காசிக்கு அனுப்புங்க. காணாமப் போனதா வெச்சுக்குங்க"ன்னேன். "என்ன நாயகம் சார் வெளையாடறீங்களா? சாவு வீட்ட வெச்சு நான் ஒரு வாரம் ஓட்டணும். ஊர்ல இருக்கற ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்ட எல்லாம் அழறதுக்கு வரச் சொல்லியாச்சு"ன்னுட்டாரு.

சரி, கதையில எழுதினத மாத்த முடியாது. ஆனா சாவ வேண்டியது நான்தானே? மொதல்ல படுக்கையில உயிர் போற சீன். மருமக கையப் புடிச்சு ஒரு வார்த்தை சொல்லிட்டுத் தலைய சாய்க்கணும். நான் சாய்க்கல. வார்த்தையச் சொன்னேன், இன்னொரு வார்த்தை சொன்னேன், இருமினேன், தண்ணி கேட்டேன். மருமகளா நடிக்கிற பொண்ணு தண்ணி குடுத்துடுச்சு, பாவம். குடிச்சிட்டு எந்திரிச்சு உக்காந்துட்டேன். "கட்! யோவ், சாவுய்யா!"ன்னு பிரான்சிஸ் மைக்ல கத்தறாரு. நான் இவ்ளோ வருஷத்துல ஒரே டேக்ல சாவற ஆளு. அன்னிக்கு சாவவே வரல. என்னை அறியாமயே உயிர் மேல ஒரு ஆசை வந்துடுச்சு போல. கடைசியில என் கை ஆடறது தெரியாத மாதிரி கேமராவ மருமக மொகத்துல வெச்சு முடிச்சுக்கிட்டாங்க.

அடுத்த நாள் ஹால்ல கெடத்தி வெச்சாச்சு. வளசரவாக்கத்துல ஒரு பங்களா, ஷூட்டிங்குக்கு வாடகைக்கு விடற வீடு, ஓனர் அம்மா மாடியில இருக்காங்க. தாடையச் சுத்திக் கட்டு, கால் ரெண்டு கட்டை வெரலும் சேத்துக் கட்டு, மூக்குல பஞ்சு, கழுத்துல சாமந்தி மாலை. சுத்தி நின்னு மாரடிச்சு அழறாங்க. கண்ண மூடிப் படுத்திருக்கேன். காதுல என்னமோ ஒப்பாரி கேக்கல சார், பால்கனியில எம் பொண்ணு சிரிக்கற சத்தந்தான் கேக்குது. இத அந்த விழுப்புரத்தம்மா பாத்துச்சுன்னா அந்தச் சிரிப்பு அன்னியோட போச்சு.

ஷாட் ஓகே ஆயிடுச்சு. இப்ப ஒண்ணு சொல்றேன் கேட்டுக்குங்க, இது உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது. எங்க லைன்ல ஒரு வழக்கம். பொணமா நடிச்சவன் அந்த மாலையோடயே எந்திரிச்சு கேமராவப் பாத்து ஒரு சிரிப்பு சிரிக்கணும். அத ஒரு ஷாட்டா எடுத்துடுவாங்க. படத்துல வராது, வெட்டிடுவாங்க. ஆனா எடுக்கணும். சாவு பொய்யின்னு கேமராவுக்குச் சொல்லணுமாம். பொணம் சிரிச்சாதான் பூசணிக்கா ஒடைப்பாங்க. பூசணிக்கா ஒடைச்சாதான் ஒருத்தன் லைட்டக் கழட்டுவான், சாப்பாட்டு வண்டிகிட்ட போவான். சிரிக்காம விட்டா அந்த யூனிட்டுக்கே ஆவாது. கேமராமேன் இருக்காரே, அவரு அதுல ரொம்பக் கறாரு.

"நாயகம் சார், ஒரு சிரிப்பு குடுங்க"ன்னாரு கேமராமேன்.

நான் எந்திரிக்கல.

"சார்... சிரிப்பு..."

கண்ணயே தொறக்கல. அந்த நிமிஷந்தான் தோணிச்சு சார், திட்டம் போட்டெல்லாம் பண்ணல. அப்படியே கெடந்தேன். மொதல்ல தூங்கிட்டேன்னு நெனச்சாங்க. அப்புறம் ஒரு பொம்பளை "நெசமாவே போயிட்டாரா"ன்னு ஆரம்பிச்சுது, கிளிசரின் இல்லாமலே. பிரான்சிஸ் ஓடி வந்து குனிஞ்சாரு. தாடையில கட்டு இருக்குல்ல, பல்ல கடிச்சுக்கிட்டே மெதுவாச் சொன்னேன்: "கதைய மாத்துங்க, சிரிக்கிறேன்."

அவரு கெஞ்சினாரு, திட்டினாரு, அக்குள்ல கிச்சுகிச்சு மூட்டினாரு. நடிகன் சார் நானு! அசைவேனா? சாப்பாட்டு வண்டியில சாம்பார் ஆறுது, ஒருத்தன் தட்டத் தொடல. கேமராமேன் கேமரா மேல துணியப் போட்டு மூடிட்டு ஓரமா உக்காந்துட்டாரு. மாடியிலேருந்து ஓனர் அம்மா எறங்கி வந்துட்டாங்க. "என்னது, பொணம் சிரிக்க மாட்டேங்குதா? என் நடு வீட்ல போட்டுட்டு சிரிக்காம தூக்கிட்டுப் போயிடுவீங்களா? ஐப்பசியிலதான் பேரனுக்குப் பேரு வெச்சிருக்கு. கூப்பிடுய்யா உங்க மொதலாளிய! இனிமே ஒருத்தன் இந்த கேட்டத் தாண்டக் கூடாது"ன்னு ஒரே சத்தம்.

புரொடியூசர் போன்ல வந்தாரு. ஓனர் அம்மாகிட்ட என்ன பேசினாருன்னு தெரியாது, வாங்கிக் கட்டிக்கிட்டாருன்னு நெனைக்கிறேன். அப்புறம் போன என் காதுல வெச்சாங்க. "எந்திரிச்சுத் தொலைங்க, உயிரோடயே வெச்சுக்கறேன்"னாரு. பாத்தீங்களா? என்னை மாதிரி ஒரு ஆர்ட்டிஸ்ட்ட இழக்க அவருக்கு மனசு வரல.

எந்திரிச்சு உக்காந்தேன். கேமராவப் பாத்து சிரிச்சேன் பாருங்க ஒரு சிரிப்பு! மாலை குலுங்குச்சு. பூசணிக்காய போட்டு ஒடைச்சாங்க. ஒடைச்ச வேகத்தப் பாத்தா என் தலைன்னு நெனச்சு ஒடைச்ச மாதிரி இருந்துச்சு, அது எம் பிரமையா இருக்கும்.

கதையில என்ன ஆச்சு? பாடை கட்டித் தூக்கறப்ப ராஜலிங்கத்தோட வெரல் ஆடுது! மருமக கத்தறா! தொடரும் போட்டான். சார், அந்த வாரம் ரேட்டிங் எங்கியோ போயிடுச்சு. ரங்கநாயகி அம்மா எனக்கே போன் பண்ணிச்சு. "அண்ணே, வயித்துல பால வாத்தீங்க"ன்னு அழுதுச்சு. என் பொண்டாட்டி அன்னிக்கு வடை பாயசம் பண்ணா.

அங்கதான் சார் விதி. உயிரோட வந்தவனுக்கு ஒரு வேலை குடுக்கணும்ல? சும்மா திண்டுல சாஞ்சு உக்கார வெச்சா பாக்கறவங்களுக்கு அலுத்துடும். பிரான்சிஸ் ஒக்காந்து யோசிச்சாரு. என் மேல கோவம் வேற, மனுஷன் நல்லாவே யோசிச்சிருக்காரு. ஒருநாள் செட்டுக்குப் போறேன், புதுசா ஒரு அம்மா, பட்டுப்பொடவை, கையில ஒரு புள்ள. "யாரு தம்பி இவங்க?"ன்னேன். "உங்க ரெண்டாவது சம்சாரம்"னாரு.

நான் பண்ண ஒரு தப்பு என்னன்னா, அதையும் நல்லா நடிச்சுட்டேன். மொத சம்சாரம் நகைய எடுத்து ரெண்டாவது சம்சாரத்துக்குப் போடற சீன். கொஞ்சம் வெக்கப்பட்டு, ஓரக்கண்ணால ஒரு பார்வை... இயற்கையா வந்துடுச்சு சார். எபிசோட் முடிஞ்சு அஞ்சு நிமிஷம் இல்ல, விழுப்புரத்துலேருந்து போன்.

"அண்ணே"ன்னுச்சு. மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்குது. "என்னம்மா?"ன்னேன்.

"இதுக்கு நீங்க செத்தே போயிருக்கலாம்."

வெச்சிடுச்சு.

திரும்பிப் பாத்தா என் சம்சாரம் டிவிய அணைச்சுட்டு நிக்கறா. "அந்தப் பார்வை எங்க கத்துக்கிட்டீங்க?"ன்னு கேட்டா. அன்னிக்கு எனக்கு ராத்திரி சாப்பாடு இல்ல, அது போகட்டும். வெண்ணிலா பால்கனியில நிக்குது. போன் கையில இருக்கு. பேசல. "மாப்ளை என்னம்மா சொல்றாரு?"ன்னேன். "அவங்க அம்மா சமாதானம் ஆவட்டும்னு சொல்றாருப்பா"ன்னு சொல்லிட்டு என் மூக்கத் தொட்டுட்டு உள்ள போயிடுச்சு. ஊரு முன்னாடி எத்தினி தடவ செத்திருக்கேன், ஒருநாளும் இப்படி வலிச்சதில்ல.

நேரா விழுப்புரம் போய் அந்தம்மா கால்ல விழாத கொறையா நின்னேன். அந்தம்மா நல்லவங்கதான், மனசுல ஒண்ணும் வெச்சுக்க மாட்டாங்க. யோசிச்சு ஒரு தீர்ப்பு சொன்னாங்க. "ரெண்டு பொண்டாட்டிக்காரரு சம்பந்தின்னு எங்க தெருவே பேசுது. அதுக்கு நீங்க கவுரவமா செத்துடுங்க. காரியமும் முடிஞ்சுடட்டும். தீட்டு கழிஞ்சப்புறம் தட்டு மாத்திக்கலாம்."

பிரான்சிஸ் முன்னாடி போய் நின்னேன். "தம்பி, என்னைச் சாவடிச்சுடுங்க." அவரு காபி குடிச்சுக்கிட்டே என்னைப் பாத்தாரு. அப்புறம் போன எடுத்துக் காட்டினாரு. ஜனங்க எழுதறாங்கல்ல, கமெண்ட்டு, தள்ளத் தள்ள வருது. "அந்தக் கெழவன லாரில அடிங்க." "ராஜலிங்கம் எப்ப சாவான்?" "நீங்க சாவடிக்கலேன்னா நாங்க வர்றோம்." எல்லாம் பொம்பளைங்க. சேனல்லயும் அதேதான் சொல்றாங்களாம். சார், எனக்குக் கண்ணுல தண்ணி வந்துடுச்சு. டைட்டில்ல பேரே நிக்காத ஒரு நடிகன் சாவணும்னு தமிழ்நாடே வேண்டிக்குது! இத விட ஒரு கலைஞனுக்கு என்ன சார் வேணும்?

"சாவடிக்கறேன். ஆனா ஒரு கண்டிஷன்"னாரு பிரான்சிஸ். "சிரிப்ப மொதல்ல குடுத்துடுங்க."

ஆமா சார். அதே பங்களா. மேக்கப் போட்டு, மாலை போட்டு, பஞ்ச வெச்சு, படுக்கறதுக்கு முன்னாடியே கேமரா முன்னால நிக்க வெச்சு என்கிட்ட சிரிப்ப வாங்கிக்கிட்டாங்க. எங்க லைன்லயே சிரிச்சுட்டு செத்த மொத ஆளு நாந்தான். ஓனர் அம்மா படியில நின்னு, நான் சிரிச்சேனான்னு எட்டிப் பாத்துட்டுத்தான் மேல போனாங்க. நான் கையோட பிரான்சிஸ்கிட்ட ஒண்ணு கேட்டு வாங்கிட்டேன். சாவு முடிஞ்சதும் மறுநாளே "சில மாதங்களுக்குப் பிறகு"ன்னு ஒரு கார்டு போடணும். போட்டா கதையில காரியம் முடிஞ்சு தீட்டெல்லாம் கழிஞ்சுடும்ல? விழுப்புரத்துல கேட்டேன். அந்தம்மா அவங்க ஐயர்கிட்ட கேட்டாங்க. ஐயர் என்ன சொன்னாரோ தெரியல, அவங்க சரின்னுட்டாங்க. வெள்ளிக்கெழமை தட்டு மாத்தறோம்.

அப்ப இப்ப எதுக்குப் போறேன்னு கேக்கறீங்களா? இன்னிக்கு ராத்திரி ஏழரைக்கு டிவில நான் சாவறேன். இந்தச் சிரிப்பு வழக்கத்த நாந்தான் வாய வெச்சுக்கிட்டு சும்மா இல்லாம அந்தம்மாகிட்ட சொல்லித் தொலைச்சேன். கெட்டியாப் புடிச்சுக்கிட்டாங்க. "அப்ப என் வீட்டு டிவில நீங்க செத்ததும், என் வீட்டு ஹால்ல உக்காந்து என்னைப் பாத்து சிரிக்கணும். அப்பத்தான் என் மனசு ஆறும்." அதுக்குத்தான் போறேன் சார். இந்த டிரைவர் மேல்மருவத்தூர்ல டீ குடிக்க நிறுத்தாம இருக்கணும். நான் அங்க போய்ச் சேர்றதுக்கு முன்னாடி செத்துட்டேன்னா கல்யாணம் போச்சு.

மத்தியானம் கெளம்பறப்ப வெண்ணிலா வாசல் வரைக்கும் வந்துச்சு. மூக்கத் தொட்டுப் பாத்துச்சு. "நல்லா சிரிச்சிட்டு வாப்பா"ன்னுச்சு. பஸ்ஸு ஏறினதுலேருந்து சிரிச்சுப் பாக்கறேன் சார், என்னமோ சரியா வரல. நீங்க கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க. இந்தா... எப்படி இருக்கு? அழற மாதிரியா? இல்ல சார், அது கண்ணு... காத்து அடிக்குது, ஜன்னலச் சாத்துங்க.

காத்து இல்ல சார். நெசத்தச் சொல்றேன். சாவுன்னு சொல்லுங்க, இந்த சீட்லயே செத்துக் காட்டறேன். வெள்ளிக்கெழமைக்கு அப்புறம் கொஞ்ச நாள்ல எம் பொண்ணுக்கு வேற வீடு. நான் ஷூட்டிங் முடிஞ்சு வந்து பெல் அடிச்சா கதவத் தொறந்து மூக்கத் தொட ஆள் இல்ல. அத நெனச்சா வாய் ஒரு பக்கம் போவுது, கண்ணு ஒரு பக்கம் போவுது.

சரி, விடுங்க. அந்தம்மா வீட்ல ஒரே டேக்குதான், இங்கியே பாத்துக்கணும். இன்னொன்னு போறேன். நல்லாப் பாத்துச் சொல்லணும், மொகதாட்சண்யம் பாக்கக் கூடாது. இந்தா...

ஓகேவா சார்?